வகுப்பறையில் இரண்டாவது ஆசிரியை

லண்டனில் நான் படிப்பிக்கத் தொடங்கியபோது என் சம்பளத்தின் முக்கால் பங்கு கல்வி அமைச்சிலிருந்து வரவில்லை. குடிவரவையும் பொலிசையும் சிறைச்சாலைகளையும் அப்போது பார்த்துவந்த உள்துறை அமைச்சிலிருந்து வந்தது. மிச்சக் கால் பங்கை உள்ளூர்க் கவுன்சில் போட்டது. 1966 ஆம் ஆண்டின் உள்ளூராட்சிச் சட்டத்தில் 11 ஆம் பிரிவு இதற்கு வழி செய்திருந்தது. அதனால் ஸ்டாஃப் ரூமில் எங்களை ‘செக்‌ஷன் லெவன்’ ஆட்கள் என்பார்கள். மற்றவர்களுக்குக் கணிதம், வரலாறு, இசை என்று ஒரு பாடம் இருந்தது. எங்களுக்கு ஒரு சட்டப் பிரிவு இருந்தது.

யாழ்ப்பாணத்தில் விஞ்ஞானம் படிப்பித்துக்கொண்டிருந்த நான் 1980களின் பின்பாதியில் கிழக்கு லண்டனுக்கு வந்து சேர்ந்தேன். முதலில் இருமொழி உதவியாளராகச் சேர்ந்து, பிறகு இங்கேயே பயிற்சி முடித்து ஆசிரியையானேன். ஓய்வு பெறும்வரை என் வேலை ஒன்றுதான்: ஆங்கிலம் இன்னும் பிடிபடாத பிள்ளைகள் மற்றப் பிள்ளைகளோடு ஒரே வகுப்பில் இருந்து, அதே பாடத்தைப் படிக்க வழிசெய்வது. இந்தத் தொழிலுக்கு இங்கிலாந்தில் அறுபது வருஷ வரலாறு இருக்கிறது. அதை எழுதுகிறவர்கள் பிள்ளையை எங்கே உட்கார வைத்தார்கள் என்பதையே பெரும்பாலும் எழுதுகிறார்கள். நான் வேலை செய்த காலமெல்லாம் கண்டது வேறு. பாடத்தை யார் யார் சேர்ந்து ஆயத்தம் செய்தார்கள், அதற்கு டைம்டேபிளில் நேரம் இருந்ததா என்பதுதான் அந்தப் பிள்ளையின் படிப்பைத் தீர்மானித்தது.

தொடக்கத்துக்குப் போக வேண்டுமென்றால் மேற்கு லண்டனில் உள்ள சவுத்தாலுக்குப் போக வேண்டும். 1950களில் அங்குள்ள தொழிற்சாலைகளுக்கு வேலைக்கு வந்த பஞ்சாபியர், சில வருஷங்களில் மனைவி பிள்ளைகளையும் அழைத்துக்கொண்டார்கள். 1963 வாக்கில் பீக்கன்ஸ்ஃபீல்ட் ரோட் ஆரம்பப் பாடசாலையில் பாதிக்கு மேல் அவர்களுடைய பிள்ளைகள். வெள்ளைக்காரப் பெற்றோர் கொதித்தார்கள். அந்த ஒக்டோபரில் கல்வி அமைச்சர் எட்வர்ட் பொயில் நேரில் வந்து அவர்களுடைய கூட்டத்தில் கலந்துகொண்டார். இந்தப் பிள்ளைகளுக்குத் தனிப் பாடசாலை கேட்டவர்களுக்கு அவர் இணங்கவில்லை. ஆனால் ஒரே பாடசாலையில் குடியேறியோரின் பிள்ளைகள் ஏறக்குறைய மூன்றிலொரு பங்குக்கு மேல் போகக்கூடாது என்ற எண்ணம் அங்கிருந்துதான் கொள்கையாக வளர்ந்தது. ஆட்சி மாறியும் அது மாறவில்லை. 1965 ஜூனில் தொழிற்கட்சி அரசின் கல்வித் திணைக்களம் வெளியிட்ட 7/65 ஆம் இலக்கச் சுற்றறிக்கை, பிள்ளைகளைப் பல பாடசாலைகளுக்குப் பிரித்து அனுப்பும்படி கவுன்சில்களுக்கு ஆலோசனை சொன்னது.

சவுத்தாலைத் தன்கீழ் வைத்திருந்த ஈலிங் கவுன்சில் அதை முழுமூச்சாகச் செய்தது. பிராட்ஃபோர்ட் முதலான வேறு சில இடங்களும் செய்தன. உள்லண்டனும் பர்மிங்காமும் மறுத்துவிட்டன. சவுத்தாலில் ஐந்து வயதுப் பிள்ளைகளைக் காலையில் பஸ்ஸில் ஏற்றி, கிரீன்ஃபோர்ட், ஆக்டன் பக்கமெல்லாம் கொண்டுபோய் இறக்கினார்கள். பாடசாலை விட்டதும் பஸ் புறப்பட்டுவிடும் என்பதால் பந்தடியோ பாட்டு வகுப்போ அந்தப் பிள்ளைகளுக்கு இல்லை. நடுப்பகலில் பிள்ளைக்குக் காய்ச்சல் என்றால் கார் இல்லாத தாய் இரண்டு பஸ் மாறிப் போக வேண்டும். வகுப்பில் சேர்ந்த சிநேகிதர் பின்னேரம் விளையாடக் கூப்பிடும் தூரத்தில் இல்லை.

இதில் என்னை இன்றைக்கும் கோபப்படுத்துவது, பஸ்ஸில் யாரை ஏற்றுவது என்று முடிவெடுத்த முறை. மொழிக்காகத்தான் இந்த ஏற்பாடு என்றார்கள். ஆனால் இங்கிலாந்திலேயே பிறந்து, வீட்டிலும் ஆங்கிலம் கதைத்த பிள்ளையும் தோல் நிறத்தைப் பார்த்து ஏற்றப்பட்டது. வெள்ளைக்காரப் பிள்ளை ஒன்றும் மறுபக்கமாகச் சவுத்தாலுக்கு வரவில்லை. இன உறவு வாரியத்துக்காக மோரிஸ் கோகன் 1975-ல் ஈலிங்கின் இந்த ஏற்பாட்டை ஆராய்ந்து அறிக்கை எழுதினார். வாரியம் வழக்குவரை போனது. 1980களின் தொடக்கத்தில்தான் பஸ்கள் நின்றன. ஏறக்குறைய ஒரு தலைமுறை அதில் போய்வந்தது. சுற்றறிக்கை தலைகளை எண்ணியது. பஸ்ஸிலிருந்து இறங்கிய பிள்ளைக்கு அன்றைய பூமிசாஸ்திரப் பாடத்தை எப்படி விளங்கவைப்பது என்று அது கேட்கவில்லை.

அதைக் கேட்டவர்களும் அந்தக் காலத்தில் இருந்தார்கள். ஹடர்ஸ்ஃபீல்டின் ஸ்பிரிங் குரோவ் பாடசாலை பிள்ளைகளை வெளியே அனுப்பாமல் தன் கூரைக்குள்ளேயே ஆங்கில வகுப்புகளை நடத்தியது. அந்த அனுபவத்தை ட்ரெவர் பர்ஜினும் பட்ரிசியா எட்சனும் 1967-ல் புத்தகமாக எழுதினார்கள். லீட்ஸில் ஜூன் டெரிக் தலைமையில் இயங்கிய குழு, இந்தப் பிள்ளைகளுக்கென்றே ‘ஸ்கோப்’ என்ற பாடநூல் தொகுதியை உருவாக்கி 1969-ல் முதற்கட்டத்தை வெளியிட்டது. நான் வேலைக்கு வந்தபோது அந்தப் பழைய பெட்டிகள் அலுமாரிகளின் அடித்தட்டில் கிடந்தன. படங்களும் வாக்கியப் பயிற்சிகளும் கவனமாகச் செய்யப்பட்டிருந்தன. வகுப்பில் அப்போது நடந்துகொண்டிருந்த பாடத்துக்கும் அவற்றுக்கும்தான் தொடர்பு இருக்கவில்லை.

பிறகு மொழி நிலையங்களின் காலம். புதிதாக வந்த பிள்ளையைப் பாடசாலைக்குப் பதிலாகத் தனிக் கட்டடத்துக்கு அனுப்பி, முதலில் ஆங்கிலம், அப்புறம் மற்றப் பாடங்கள் என்றார்கள். அங்கே படிப்பித்தவர்கள் பலர் அருமையான ஆசிரியர்கள். நான் கற்றுக்கொண்ட பாதி வித்தை, அப்படி ஒரு நிலையத்திலிருந்து வந்த மூத்த ஆசிரியையிடம் கற்றது. பிள்ளைகளும் அங்கே பயமில்லாமல் இருந்தார்கள். ஆனால் ஒரு வருஷம் கழித்துப் பாடசாலைக்கு வந்து சேரும்போது மற்றப் பிள்ளைகள் ஒரு வருஷ விஞ்ஞானம், ஒரு வருஷ வரலாறு, ஒரு வருஷச் சிநேகிதம் தாண்டிப் போயிருந்தார்கள்.

நிலையங்களுக்கு முடிவு கட்டியது யோர்க்‌ஷயரில் உள்ள கால்டர்டேல். ஹாலிஃபாக்ஸ் நகரம் இருக்கிற பகுதி; பாகிஸ்தானியக் குடும்பங்கள் நெசவாலை வேலைக்கு வந்த ஊர்கள். அங்கே வெளிநாட்டுப் பின்னணியுள்ள பிள்ளைகளுக்குப் பாடசாலையில் இடம் கொடுக்குமுன் ஆங்கிலப் பரீட்சை வைத்து, தேறாதவர்களை மொழி நிலையத்துக்கோ தனி வகுப்புக்கோ அனுப்பினார்கள். மற்றப் பெற்றோருக்கு இருந்த, பாடசாலையைத் தெரிவுசெய்யும் உரிமை இவர்களுக்கு இல்லாமல் போனது. பாடங்களும் குறைவு. இன சமத்துவ ஆணைக்குழு விசாரணை நடத்தி 1986-ல் அறிக்கை கொடுத்தது. இது மறைமுகமான இனப் பாகுபாடு, 1976 ஆம் ஆண்டின் இன உறவுச் சட்டத்துக்கு முரணானது என்பது அதன் தீர்ப்பு. மொழியைக் காரணம் காட்டிப் பிள்ளையைப் பாடத்திலிருந்து விலக்கிவைப்பது, நல்ல எண்ணத்தோடு செய்தாலும் சட்டவிரோதமாகலாம் என்று அன்றைக்குக் கவுன்சில்களுக்கு விளங்கியது.

அதற்கு ஒரு வருஷம் முன்னர், 1985-ல், சுவான் பிரபுவின் குழு 800 பக்கங்களுக்கு மேற்பட்ட அறிக்கையை வெளியிட்டிருந்தது. பத்து வருஷத்துக்கு முன்பே புல்லொக் குழு, ஒவ்வொரு பாட ஆசிரியரும் மொழி ஆசிரியர்தான் என்றும், வீட்டு மொழியைப் பாடசாலை வாசலில் கழற்றி வைக்கும்படி பிள்ளையிடம் கேட்கக்கூடாது என்றும் எழுதியிருந்தது. சுவான் அதில் முதற்பாதியை எடுத்துக்கொண்டார்: ஆங்கிலம் கற்கும் பிள்ளையின் இடம் பொது வகுப்பறைதான், தனி நிலையம் வேண்டாம். மற்றப் பாதியை ஏற்கவில்லை. தாய்மொழியைப் பேணி வளர்ப்பது பாடசாலையின் வேலையல்ல, அந்தந்தச் சமூகம் பார்த்துக்கொள்ளட்டும் என்றது அறிக்கை. லண்டன் முழுக்கச் சனிக்கிழமைகளில் தமிழ்ப் பாடசாலைகள் நடப்பதற்கு எங்கள் ஆட்களின் பற்று காரணம் என்று பெருமைப்படுகிறோம். பெருமை சரிதான். வேறு வாசல் திறக்கப்படவில்லை என்பதையும் பிள்ளைகளுக்குச் சொல்லலாம்.

அதே 1985-ல்தான் இலங்கையருக்குப் பிரித்தானியா விசாவைக் கட்டாயமாக்கியது. பொதுநலவாய நாடொன்றுக்கு அப்படிச் செய்தது அதுவே முதல் தடவை. 83 ஜூலை இனக்கலவரத்துக்குப் பிறகு வந்துகொண்டிருந்த எங்களுடைய ஆட்களை மறிக்கத்தான் அது. மறித்தும் வந்தார்கள். ஈஸ்ட் ஹாம், டூட்டிங், வெம்பிளி, ஹரோ என்று குடியேறிய இடங்களிலெல்லாம், தவணை நடுவில், வெறுங்கையோடு, தமிழ் மொழியில் எட்டாம் வகுப்புவரை நன்றாகப் படித்த பிள்ளைகள் வாசலில் வந்து நின்றார்கள். நான் வேலை செய்தது அந்த வாசலில்.

பொது வகுப்பறை என்று சட்டமும் அறிக்கையும் சொல்லிவிட்டன. முதல் வருஷங்களில் அது எப்படி இருந்தது என்பதை நான் மறைக்க விரும்பவில்லை. வகுப்பின் பின்மூலையில் ஒரு மேசை. அதில் நானும் இரண்டு பிள்ளைகளும். முன்னால் ஆசிரியர் பாடம் நடத்த, நான் அவர்களுடைய காதில் தமிழில் குசுகுசுக்க வேண்டும். அன்றைக்கு என்ன பாடம் என்பது உள்ளே போனபிறகுதான் எனக்குத் தெரியும். பாதி நேரத்தில் அலுவலகத்திலிருந்து ஆள் வரும், யாரோ ஒரு தாய் வந்திருக்கிறார், மொழிபெயர்க்க வாருங்கள் என்று. பிள்ளை பொது வகுப்பறையில்தான் இருந்தது. பாடத்துக்கு வெளியே இருந்தது.

மாற்றம் வந்தது விஞ்ஞான ஆய்வுகூடத்தில். எட்டாம் ஆண்டு வகுப்புக்குப் படிப்பித்த ஓர் இளம் ஆசிரியர், வியாழக்கிழமை கடைசிப் பாடவேளை இருவருக்கும் ஓய்வாக இருப்பதைக் கண்டு, அடுத்த வாரப் பாடத்தைச் சேர்ந்து பார்க்கலாமா என்று கேட்டார். பாடம், கல்லுப்பிலிருந்து தூய உப்பைப் பிரித்தெடுப்பது. இடிக்க வேண்டும், நீரில் கரைக்க வேண்டும், வடிதாளில் வடிக்க வேண்டும், பன்சன் சுடரடுப்பில் நீரை ஆவியாக்க வேண்டும். செய்முறை பிள்ளைகளுக்குப் பிரச்சினையில்லை. அதை எழுதச் சொல்லும்போதுதான் எல்லாரும் தடுக்கி விழுந்தார்கள். நான் செய்தேன், நீ செய்தாய் என்று விஞ்ஞான அறிக்கை எழுதப்படுவதில்லை. உப்பு இடிக்கப்பட்டது, கரைசல் வடிக்கப்பட்டது என்று செய்தவரை மறைத்து எழுத வேண்டும். ஆங்கிலேயப் பிள்ளைகளுக்கும் அது வீட்டில் கேட்காத ஆங்கிலம்.

நாங்கள் செய்தது சின்ன வேலை. செய்முறையை எட்டு வாக்கியங்களாக எழுதி, போட்டோகொப்பி எடுத்து, கத்தரித்து, உறைகளில் போட்டோம். ஒவ்வொரு உறையிலும் நான்கு படங்களும் இருந்தன. இரண்டு இரண்டு பிள்ளைகளாக உட்கார்ந்து, கையில் உள்ளதைப் பக்கத்துப் பிள்ளைக்குக் காட்டாமல் வாசித்துச் சொல்லி, இருவருமாக வரிசைப்படுத்த வேண்டும். பிறகுதான் செய்முறை. அதன்பிறகு, அந்த எட்டு வாக்கியங்களின் தொடக்கத்தை மட்டும் பலகையில் விட்டு, மிச்சத்தை அவர்களாகவே எழுத வேண்டும். இந்த மாதிரி உத்திகள் எங்களுடைய கண்டுபிடிப்பு அல்ல. உள்லண்டன் கல்வி அதிகாரசபையின் ஆசிரியர்கள் பல வருஷங்களாகச் சேர்ந்து செய்து பரப்பிய முறை. 1990-ல் அந்தச் சபை கலைக்கப்பட்ட பிறகும் ஆசிரியர்கள் கைமாற்றிக் கைமாற்றிக் காப்பாற்றி வைத்திருந்தார்கள்.

அந்த வகுப்பில் கிளிநொச்சியிலிருந்து வந்த பிள்ளை ஒன்று இருந்தது. வந்து ஒரு தவணைகூட ஆகவில்லை. ஆவியாக்கும் கிண்ணத்தின் ஓரத்தில் வெள்ளை படியத் தொடங்கியதும் அடுப்பைக் குறைக்கச் சொல்லிப் பக்கத்துப் பிள்ளையின் கையைப் பிடித்தது. கொதி கூடினால் உப்பு தெறிக்கும் என்று அதற்குத் தெரிந்திருந்தது. பிறகு என்னிடம் திரும்பி, “ரீச்சர், இது எங்கட அப்பா செய்த வேலை. அங்க வெயில்தான் அடுப்பு” என்றது. அதன் தகப்பன், போர் வந்து மூடப்படும்வரை ஆனையிறவு உப்பளத்தில் வேலை செய்தவர். நான் அதை ஆங்கிலத்தில் வகுப்புக்குச் சொன்னேன். ஆசிரியர் தன் பாடத்தை நிறுத்திவிட்டு, பாத்தி எவ்வளவு ஆழம், கடல்நீர் எப்படி உள்ளே வரும், மழை பெய்தால் என்ன ஆகும் என்று அந்தப் பிள்ளையிடம் கேட்டார். அது பலகையில் பாத்திகளைக் கீறியது. வகுப்பே கேள்வி கேட்டது. அன்றைக்கு அது கொப்பியில் எழுதியது ஆறு வாக்கியம். ஆறிலும் செய்தவர் மறைந்திருந்தார்.

ஆனையிறவு பற்றி அந்த ஆசிரியருக்கு ஒன்றும் தெரியாது, எனக்குத் தெரியும். அறிக்கை எழுதும் ஆங்கிலத்தை வாக்கியம் வாக்கியமாகப் பிரிக்க எனக்குத் தெரியும். எட்டாம் ஆண்டில் எந்த இடத்தில் பிள்ளைகள் குழம்புவார்கள் என்று அவருக்குத் தெரியும். வியாழக்கிழமை ஒரு மணி நேரம் இல்லாவிட்டால் இவை இரண்டும் சந்தித்திருக்காது. 1991-ல் ஜில் போர்னும் ஜொவான்னா மக்பேக்கும் இந்த முறைக்குப் ‘பார்ட்னர்ஷிப் டீச்சிங்’ என்று பெயர் கொடுத்து ஆசிரியர்களுக்கான பயிற்சித் தொகுதி ஒன்றை வெளியிட்டார்கள். இரண்டு ஆசிரியரும் சேர்ந்து திட்டமிட்டு, சேர்ந்து நடத்தி, சேர்ந்து சரிபார்த்து, மற்றத் துறைகளுக்கும் கொண்டுபோக வேண்டும். அடுத்த வருஷம் ‘நால்டிக்’ என்ற தொழிற்சங்கமல்லாத ஆசிரியர் அமைப்பு உருவானது. எங்களுடைய தொழிலுக்கு ஒரு முகம் கிடைத்த வருஷங்கள் அவை.

பணம் மட்டும் என்றைக்கும் ஆட்டம் கண்டுகொண்டிருந்தது. 11 ஆம் பிரிவுப் பணம் பொதுநலவாய நாடுகளிலிருந்து வந்தவர்களுக்கு மட்டும் உரியது. யாழ்ப்பாணப் பிள்ளைக்குப் பக்கத்தில் சோமாலியப் பிள்ளை உட்கார்ந்திருக்கும். சட்டப்படி என் நேரம் முதலாவது பிள்ளைக்கே உரியது. அந்தச் சட்டத்துக்கு வகுப்பில் யாரும் கீழ்ப்படியவில்லை என்று சொல்வதில் எனக்குச் சந்தோஷம். 1993-ல்தான் சட்டத்தைத் திருத்தினார்கள். வாசலை அகலமாக்கிய கையோடு உள்துறை அமைச்சு தன் முக்கால் பங்கைக் குறைக்கவும் தொடங்கியது. திட்டக் காலம் முடியும் வருஷங்களில் பங்குனி மாதம் வந்தால் எங்களுக்குத் தூக்கம் வராது, சித்திரையில் வேலை இருக்குமா என்று. நல்ல ஆசிரியைகள் பலர் அந்தக் காலத்தில்தான் வேறு பாடங்களுக்கு மாறிப் போனார்கள்.

1999-ல் உள்துறை அமைச்சின் பிடி விட்டது. பணம் கல்வித் திணைக்களத்தின் கீழ், ‘எமாக்’ என்ற மானியமாக மாறியது. நாங்களும் ஒருவழியாக ஆசிரியர்களானோம். அந்த வருஷங்களில் பிள்ளைகளும் மாறினார்கள். ஜெர்மனி, பிரான்ஸ், நெதர்லாந்து நாடுகளில் குடியுரிமை பெற்ற தமிழ்க் குடும்பங்கள் லண்டனுக்கு வரத் தொடங்கின. தாயோடு தமிழிலும் தம்பியோடு ஜெர்மனிலும் சண்டை பிடித்துக்கொண்டு, ஆங்கிலத்தில் வாய் திறக்காத பிள்ளைகள். தமிழ் என்று எழுதிய விண்ணப்பத்தைப் பார்த்து என்னைக் கூப்பிடுவார்கள். எனக்கோ அந்தப் பிள்ளை எந்த மொழியில் வாசிக்கும் என்று தேடிக் கண்டுபிடிப்பதே முதல் வேலையாக இருந்தது.

2011-ல் ‘எமாக்’ மானியத்தின் வேலி அகற்றப்பட்டு, பணம் பாடசாலையின் பொதுப் பணத்தோடு கலந்தது. எதற்குச் செலவழிப்பது என்பது ஹெட் டீச்சரின் விருப்பம். கூரை ஒழுகுகிற பாடசாலையில் எது முதலில் போகும் என்று கேட்கத் தேவையில்லை. வகுப்பில் இரண்டாவது ஆசிரியை போனார். அவருடைய இடத்துக்குக் குறைந்த சம்பளத்தில் உதவியாளர் வந்தார். பிறகு சில இடங்களில் அவரும் போனார். பின்மூலை மேசை திரும்பி வந்தது, இந்தமுறை அதில் மொழிபெயர்ப்புச் செயலியோடு ஒரு டாப்லெட் இருந்தது.

இருமொழிக் கல்வி ஆய்வாளர் ஜிம் கம்மின்ஸ் 1979 தொடக்கம் சொல்லிவருவது எங்களுடைய அனுபவத்தோடு முற்றாகப் பொருந்துகிறது. விளையாட்டு மைதானத்தில் கதைக்கிற ஆங்கிலம் இரண்டு வருஷத்தில் வந்துவிடும். பாடப் புத்தகத்தை வாசித்து, வாதிட்டு எழுதுகிற ஆங்கிலத்துக்கு ஐந்திலிருந்து ஏழு வருஷம் வேண்டும். இன்றைக்கு இங்கிலாந்தின் தேசிய நிதிச் சூத்திரம் இந்தப் பிள்ளைகளுக்கான மேலதிகப் பணத்தை, அவர்கள் இங்கே பாடசாலையில் சேர்ந்து மூன்று வருஷம்வரைதான் தருகிறது. பிள்ளை மைதானத்தில் சரளமாகச் சிரித்துக் கதைக்கத் தொடங்கும் வயதில், ஆனால் ‘உப்பு கரைக்கப்பட்டது’ என்று எழுத இன்னும் தடுமாறும் வயதில், பணம் நின்றுவிடுகிறது. எந்தப் பிள்ளை எந்த நிலையில் இருக்கிறது என்று தேசிய அளவில் பார்க்க 2016-ல் ஐந்து படிநிலைகளைக் கொண்ட மதிப்பீட்டைப் பாடசாலைக் கணக்கெடுப்பில் சேர்த்தார்கள். 2018-ல் அதையும் நீக்கிவிட்டார்கள். வீட்டில் வேறு மொழி கேட்டு வளரும் பிள்ளைகள் இன்று இங்கிலாந்துப் பாடசாலைகளில் ஐந்தில் ஒருவர். அவர்களில் யாருக்கு எவ்வளவு ஆங்கிலம் வரும் என்று அரசாங்கம் கேட்பதில்லை.

நான் இப்போது ஒரு ஆரம்பப் பாடசாலையின் நிர்வாகக் குழுவில் இருக்கிறேன். உக்ரேனிலிருந்தும் ஹொங்கொங்கிலிருந்தும் வந்த பிள்ளைகள் இருக்கிறார்கள். பராமரிப்பு வேலைக்குத் தமிழ்நாட்டிலிருந்தும் கேரளத்திலிருந்தும் வந்தவர்களின் பிள்ளைகளும் இருக்கிறார்கள். போன வருஷ வரவுசெலவுக் கூட்டத்தில் புதிய செயலி ஒன்றுக்கான சந்தாவை வைத்தார்கள். அந்தப் பணத்தில் ஐந்தாம் ஆண்டு, ஆறாம் ஆண்டு ஆசிரியர்கள் இருவரையும் மொழி ஆசிரியை ஒருவரோடு வாரத்துக்கு ஒரு மணி நேரம் உட்காரவைக்கலாம் என்று கணக்குப் போட்டுக் காட்டினேன். அவர்கள் உட்காரும் நேரத்தில் வகுப்பைப் பார்க்க ஆள் வேண்டும். அதற்கான சம்பளத்தையும் அதில் சேர்த்திருந்தேன். நீண்ட நேரம் விவாதித்தோம். ஒரு வருஷத்துக்கு ஒத்துக்கொண்டார்கள். புதன்கிழமை காலை, இரண்டாம் பாடவேளை. வருகிற சித்திரையில் அது மறுபடி வாக்கெடுப்புக்கு வருகிறது.